கழற்றிய தலைப்பாகையும் கேட்காத மன்னிப்பும்

நீதிமன்றக் கட்டளையை ஏற்க மறுப்பவர்கள் நம்மிடையே பலர் உள்ளனர். மறுத்ததற்கான விலையைக் கொடுக்க முன்வருபவர்களோ மிகக் குறைவு. மகாத்மா காந்தியின் வாழ்க்கையில் இந்த வேறுபாட்டைத் தெளிவாகக் காணலாம்.

1869 ஒக்டோபர் 2ஆம் திகதி போர்பந்தரில் பிறந்த காந்தி, 1891இல் லண்டனில் பாரிஸ்டரானார். 1893இல் முஸ்லிம் வர்த்தகர் தாதா அப்துல்லாவின் நிறுவனத்துக்கான வழக்கொன்றுக்காகத் தென்னாபிரிக்கா சென்றார். டர்பன் நீதிமன்றத்தைக் காட்ட அப்துல்லா அவரை அழைத்துச் சென்றபோது, தலைப்பாகையைக் கழற்றுமாறு நீதவான் பணித்தார். காந்தி மறுத்து வெளியேறினார். 1905இல் துருக்கித் தொப்பி விவகாரத்தில் கொழும்பு நீதிமன்றத்தை விட்டு வெளியேறிய சட்டத்தரணி எம்.சி. அப்துல் காதரை நினைவூட்டும் சம்பவம் இது.

மறுவருடம் நேட்டால் உயர் நீதிமன்றத்தில் சட்டத்தரணியாகச் சத்தியப்பிரமாணம் செய்தபோது, பிரதம நீதியரசரும் அதையே கேட்டார். இம்முறை காந்தி கழற்றினார். அப்துல்லாவுக்கும் நண்பர்களுக்கும் அது பிடிக்கவில்லை. ஆனால் தான் தொழில் செய்யப்போகும் மன்றத்தின் ஒழுங்குக்குக் கட்டுப்படுவதே முறை என்றும், தன் வலிமையைப் பெரிய போராட்டங்களுக்குச் சேமிக்க வேண்டும் என்றும் அவர் கருதினார்.

அப்போராட்டங்களில் ஒன்று 1919இல் வந்தது. ரௌலட் சட்டத்துக்கு எதிரான சத்தியாக்கிரக உறுதிமொழியில் ஒப்பமிட்ட சட்டத்தரணிகளைப் பற்றி அஹமதாபாத் மாவட்ட நீதிபதி பம்பாய் மேல் நீதிமன்றத்துக்குக் கடிதம் எழுதியிருந்தார். அக்கடிதத்தை காந்தி விமர்சனத்துடன் 'யங் இந்தியா'வில் வெளியிட்டார். மேல் நீதிமன்றம் மன்னிப்பு வாசகமொன்றை அனுப்பி, அதைப் பிரசுரிக்கும்படி கூறியது. பிரசுரித்திருந்தால் விவகாரம் அத்துடன் முடிந்திருக்கும். ஆனால் ஒரு பத்திரிகையாளனின் கடமையையே தான் செய்ததாகவும், அத்தகைய நிலை மீண்டும் வந்தால் அதையே செய்யக்கூடும் என்றும் நம்பிய அவரால் பொய்யாக மன்னிப்புக் கேட்க முடியவில்லை. 1920 மார்ச் 3ஆம் திகதி, தனக்கென சட்டத்தரணி எவரையும் வைக்காமல் தானே ஆஜரானார். மார்ச் 12ஆம் திகதி நீதிமன்ற அவமதிப்புக் குற்றவாளியாகக் காணப்பட்டு, கடுமையாகக் கண்டித்து எச்சரிக்கப்பட்டார்.

1922இல் இராஜதுரோக வழக்கிலும் குற்றத்தை ஒப்புக்கொண்டு 6 வருடச் சிறைத்தண்டனையை ஏற்றார். அதே வருடம் லண்டன் இன்னர் டெம்பிள் அவரைப் பாரிஸ்டர் பதிவிலிருந்து நீக்கியது. 1948 ஜனவரி 30ஆம் திகதி சுட்டுக் கொல்லப்படும்வரை அப்பதிவு அவருக்கு மீளக் கிடைக்கவில்லை. 40 வருடங்களின் பின், 1988இலேயே அது மீளளிக்கப்பட்டது.

கட்டளைக்குக் கீழ்ப்படியலாம். மனச்சாட்சி இடம்தராவிட்டால், வெளிப்படையாக மறுத்துத் தண்டனையை ஏற்கலாம். இவ்விரண்டிலும் நீதிமன்றத்தின் மதிப்பு குறைவதில்லை. உதட்டளவில் மன்னிப்புக் கேட்டுத் தப்பிக்கொண்டு, வெளியே வந்து அதே தவறைத் திரும்பச் செய்வதுதான் உண்மையான அவமதிப்பு. அந்த மூன்றாவது வழியை காந்தி ஒருபோதும் நாடவில்லை.