கே.ஏ. குணசேகரன்: பாட்டும் ஆய்வும் அரங்கும்

சிறுபாணாற்றுப்படை பாடும் எயிற்பட்டினம் இன்றைய மரக்காணமே என ஆய்வாளர் பலர் கொள்வர். பாணர் யாழோடு நடந்த அக்கடற்கரையில், உப்பளங்களைத் தாண்டித் தெற்கே சென்றால் காலாப்பட்டு. அங்குள்ள புதுவைப் பல்கலைக்கழகத்தின் நிகழ்கலைப் பள்ளியில் பேராசிரியராக விளங்கியவர் கே.ஏ. குணசேகரன். பாடகர், நாடக ஆசிரியர், ஆய்வாளர் என அவரைக் கூறுபோடுவது எளிதன்று.

1955இல் சிவகங்கைப் பகுதியின் மாரந்தையில் தலித் குடும்பத்தில் பிறந்தார். இளையான்குடி இசுலாமியரிடம் பெற்ற இணக்கத்தையும் சுற்றுக் கிராமங்களில் பட்ட சாதி இழிவையும் 'வடு' என்னும் தன்வரலாற்றில் அருகருகே வைத்தார். நாட்டார் பாடல்களைத் தேடித் தொகுத்தவர், அவற்றை ஏட்டில் அடக்கிவிட்டு அமையவில்லை; மேடையேறிப் பாடினார். நாட்டுப்புறம் என்றாலே கும்மியும் குலவையும் என மகிழ்ந்திருந்தோர், அதே மெட்டுகளில் சாதிக்கெதிரான குற்றச்சாட்டைக் கேட்க நேர்ந்தது. இன்குலாபின் 'மனுசங்கடா' அவர் குரல்வழியே ஊர்தோறும் பரவியது.

தமிழில் தலித் அரங்கின் தொடக்கமாகக் கருதப்படும் அவருடைய 'பலி ஆடுகள்' நரபலியைக் கருவாகக் கொண்டது. அதில் இறுதியாகப் பலிக்கு நிறுத்தப்படுபவள் தலித் பெண். ஆதிக்கச் சாதியை மட்டும் சாடியிருந்தால் கைத்தட்டல் எளிதில் கிடைத்திருக்கும். அவரோ, ஒடுக்கப்பட்ட ஆணும் தன் வீட்டுப் பெண்ணைப் பலிகொடுக்கத் துணிவதை மேடையில் நிறுத்தினார். நம் இயக்க மேடைகள் இன்றும் தயங்கியே பேசும் செய்தி இது. பறையை விடுதலையின் கருவியெனப் போற்றுவோர் பலர். அந்தப் பறை முழங்கும் தெருவுக்குள்ளேயே கேள்வியைத் திருப்பியவர் சிலரே.

உலகத் தமிழாராய்ச்சி நிறுவனத்தின் இயக்குநராகவும் பணியாற்றிய குணசேகரன், 2016 ஜனவரியில் மறைந்தார். 'மனுசங்கடா' போராட்டக் களங்களில் பாடப்பட்டு வருகிறது. 'பலி ஆடுகள்' அந்த அளவுக்கு மேடையேறவில்லை.