பேராசிரியர் கிஃப்ட் சிரோமணி: கோலத்தில் இலக்கணம் கண்டவர்

தைப்பொங்கல் நாளில் முகத்துவாரத்து வீட்டு வாசல்களிலே கோலமிடுவதை நம் மாணவர் யாவரும் கண்டிருப்பர். புள்ளிகளை நிரைநிரையாக இட்டு, அவற்றைச் சுற்றிக் கோடிழுத்து முடிப்பர். கால் படாமல் விலகிச் செல்வதன்றி வேறு சிந்தனை நமக்கு எழுவதில்லை. அக்கோலத்தினுள் கணிதம் கூறும் இலக்கணம் உண்டென ஆராய்ந்து காட்டியவர் பேராசிரியர் கிஃப்ட் சிரோமணி.

1932ஆம் ஆண்டு பிறந்த அன்னார், தாம்பரத்திலுள்ள சென்னைக் கிறித்தவக் கல்லூரியிற் புள்ளியியற் பேராசிரியராக விளங்கினார். ஒரு துறைக்குள் அடங்கியவரல்லர். மாமல்லபுரத்துச் சிற்பங்களின் ஆடையணிகளை ஆராய்ந்தார். திருக்குறளைப் பண்டை எழுத்து வடிவங்களில் அமைத்து 1980இல் நண்பர்களுடன் நூலாக்கினார். எனினும் அவர் பெயரை நிலைநிறுத்தியது கோலமே.

துணைவியார் ராணி சிரோமணியும் கமலா கிருத்திவாசனும் உடனிருக்க, கோலங்களை ஆக்கும் இலக்கணம் பற்றிய கட்டுரையை 1974இல் வெளியிட்டார். சிறு கோலத்தின் ஒவ்வோர் உறுப்பையும் ஒரு விதிப்படி வேறு உறுப்புக்களால் மாற்றினால், அதே குடும்பத்துப் பெரிய கோலம் பிறக்கும். பாட்டிமார் கைப்பழக்கத்தாற் செய்ததை இவர்கள் விதியாக எழுதினர்.

இதற்கு முன்பே, 1968இல், அங்கேரியிற் பிறந்த உயிரியலறிஞர் லிண்டன்மாயர், உயிரணுக்கள் வரிசையாக வளர்வதை இத்தகைய மாற்று விதிகளால் விளக்கியிருந்தார். அவ்விதிகளே பின்னர் கணினித் திரையில் மரம் வளர்க்கப் பயன்பட்டன. ஒரு கிளை மூன்றாகுமென்னும் விதியை ஐந்து முறை செலுத்தினால் 243 கிளைகள். பத்து முறையாயின் 59,049. இத்தனையையும் ஓவியன் ஒருவன் தனித்தனியே வரைவதெங்ஙனம்? ஆனால் ஒரே விதியில் வளர்ந்த மரம் பொம்மை மரமாகவே தோன்றும். பல விதிகளை வைத்து, அவற்றுள் ஒன்றைக் கணினி குருட்டாம்போக்கில் தெரிந்தெடுக்கச் செய்தபோதே, நம் முற்றத்து வேம்பு போல ஒன்றையொன்று ஒவ்வாத மரங்கள் தோன்றின.

கனடாவிற் பணிபுரிந்த புருசின்கியேவிச் என்பவர் இவ்விதிகளாற் படம் வரையும் முறையை 1986இல் விளக்கியபோது, செடிகளோடு கோலங்களையும் வரைந்து காட்டினார். சிரோமணி குழுவினரின் ஆய்வையும் குறிப்பிட்டார். தாம்பரத்து வாசற்கோலம் மரங்களுடன் ஒரே ஏட்டில் இடம்பெற்றதை நம்முள் எத்தனை பேர் அறிவோம்?

1988இல், அறுபது வயதும் நிரம்பாமலே, சிரோமணி காலமானார். மறு ஆண்டு லிண்டன்மாயரும் மறைந்தார். செடிகொடிகளின் கணித அழகு பற்றி லிண்டன்மாயரும் புருசின்கியேவிச்சும் எழுதிய பெருநூல் 1990இல் வெளிவந்தது. ராணி அம்மையார் 2019வரை வாழ்ந்தார்.