தஞ்சை ஆபிரகாம் பண்டிதர்

மாயவரம் என முன்னாளில் வழங்கிய மயிலாடுதுறை இசைக்குப் பேர்போன ஊர். நந்தனார் சரித்திரக் கீர்த்தனை இயற்றிய கோபாலகிருஷ்ண பாரதியார் இங்கு வாழ்ந்தார். சர்வசமய சமரசக் கீர்த்தனைகள் பாடிய வேதநாயகம் பிள்ளை இங்கு முன்சீபாக அமர்ந்து நீதி வழங்கினார். 1871-ஆம் ஆண்டில் சாமிநாதர் என்னும் இளைஞர் ஒருவர் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையவர்களிடம் தமிழ் பயில இவ்வூருக்கு வந்தார். வந்தவர் பாரதியாரிடம் சங்கீதமும் சிலநாள் கற்றார். தம் தமிழாசிரியருக்கு அஃது உவப்பன்று என்பதை அறிந்து விட்டுவிட்டார். அங்ஙனம் இசையை விட்டுத் தமிழைப் பற்றிக்கொண்ட அவ்விளைஞரே பின்பு மகாமகோபாத்தியாயராய், 1892-இல் சிலப்பதிகாரத்தை அடியார்க்குநல்லார் உரையுடன் அச்சேற்றி உலகிற்கு வழங்கினார். அவ்வுரையிலே புதைந்து கிடந்த இசைச் செய்திகளை அகழ்ந்தெடுப்பதற்குத் தம் பொருளையும் பிற்கால வாழ்வையும் செலவிட்டவர் ஒருவர், மாயவரத்திலிருந்து இரயிலேறினால் கும்பகோணம் கடந்து சென்றடையும் தஞ்சையிலே இருந்தார். அவரே இராவ்சாகிப் ஆபிரகாம் பண்டிதர்.

அவர் வரலாற்றை இப்போது எழுத முற்பட்டதற்கு ஒரு காரணம் உண்டு. நம் மாணவருட் சிலர் ஆர்மோனியமும் பியானோவும் பயில்கின்றனர். பயில்வோர் மேஜர் என்னும் சுர வரிசையை எளிதிற் கற்றுக்கொண்டு, மைனர் என்னும் வரிசைக்கு வந்ததும் திகைக்கின்றனர். நம் தஞ்சைத் தரணியிலே மைனர் என்றால் ஜரிகை அங்கவஸ்திரமும் வில்வண்டியுமாய்த் திரிந்த மிராசுதார் வீட்டுப் பிள்ளையே முன்னெல்லாம் நினைவுக்கு வருவான். இசையில் வரும் மைனரோ அவனினும் பிடிகொடாதவன். ஒன்றன்று, மூன்று உருவம் அவனுக்கு உண்டு. ஏன் மூன்று, எங்கிருந்து வந்தன என்னும் வினாவிற்கு விடை, பண்டிதர் தம் வாழ்நாளில் இட்ட பெருங்கணக்கிலே அடங்கியிருக்கிறது.

பண்டிதர் 1859-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 2-ஆம் நாள், தென்காசியை அடுத்த சாம்பவர் வடகரையில் முத்துசாமி, அன்னம்மாள் என்போர்க்கு மகனாய்ப் பிறந்தார். திண்டுக்கல்லில் ஆசிரியப் பயிற்சி பெற்று அங்கேயே ஆசிரியராய் அமர்ந்தார். அவ்வூரில் சடையாண்டி பட்டரிடம் பிடில் வாசிக்கக் கற்றார். சுருளிமலைப் பக்கத்தில் கருணானந்தர் என்னும் பெரியாரை அடுத்துச் சித்த மருத்துவமும் அறிந்துகொண்டார். 1882-இல் ஞானவடிவு பொன்னம்மாளை மணந்தார். மறுவருடம் இருவரும் தஞ்சைக்கு வந்து பெண்கள் பாடசாலை ஒன்றில் ஆசிரியராயினர். 1890-இல் அவ்வுத்தியோகத்தை விட்டு மருத்துவத்தையே முழுத்தொழிலாகக் கொண்டார். அவர் செய்த சஞ்சீவி மருந்துகள் இலங்கை, பர்மா வரை சென்று விலையாயின. மருந்தில் வந்த பொருளைக் கொண்டு தஞ்சைக்குப் புறம்பே நிலம் வாங்கி, பெரியதொரு தோட்டம் அமைத்தார். ஆங்கு விளைந்த கரும்பைக் கவர்னர் லாலி துரை வந்து பார்த்துச் சென்றார். 1909-இல் அரசாங்கத்தார் இராவ்சாகிப் பட்டம் அளித்தனர்.

இவ்வளவோடு நின்றிருந்தால் செல்வாக்குள்ள வைத்தியர் ஒருவர் என்றே அவரைத் தஞ்சையார் நினைத்திருப்பர். அவர் மனமோ வேறொன்றைப் பற்றி நின்றது. பிடிலும் வீணையும் மேனாட்டு இசைக்குறி முறையும் ஒருங்கே அறிந்தவராதலால், ஒரு ஸ்தாயியிலே சுருதிகள் எத்தனை, அவற்றின் அளவு என்ன என்னும் கேள்வி அவரை விடாது பற்றிக்கொண்டது. சங்கீத ரத்னாகரம் இயற்றிய சார்ங்கதேவருக்கு முன்பிருந்தே சுருதி 22 என்பது வழக்கு. அந்த 22-ஐயும் அளந்து காட்டுக என்றால் ஒவ்வொரு நூலாரும் ஒவ்வோர் அளவு கூறினர். பாடுவோர் நூலைப் பாராமலே பாடினர். இம்முரண்பாட்டைப் பண்டிதராற் பொறுக்க முடியவில்லை.

இனி, விஷயத்திற்கு வருவோம். ஆர்மோனியத்தை முன்வைத்துக்கொண்டு படிப்பது நலம். ஒரு கட்டை என நம்மவர் கூறும் வெள்ளைக் கட்டையை ஷட்ஜமாகக் கொண்டு, வெள்ளைக் கட்டைகளை மட்டும் வரிசையாக வாசித்துச் செல்க. சங்கராபரணம் ஒலிக்கும்; மேனாட்டார் மேஜர் என்பதும் அதுவே. ஸ்தாயியைப் பன்னிரண்டு வீடுகளாக எண்ணினால், ஒவ்வொரு சுரத்திற்கும் இடையே நாம் கடந்த வீடுகள் 2, 2, 1, 2, 2, 2, 1 என நிற்கும். இப்போது யாதொரு கட்டையையும் மாற்றாமல், ஆதாரத்தை மட்டும் ஆறாம் கட்டைக்கு, அஃதாவது முன்னே தைவதமாயிருந்த சுரத்திற்கு மாற்றி, மீண்டும் வெள்ளைக் கட்டைகளையே வாசித்துப் பார்க்க. கடந்த வீடுகள் 2, 1, 2, 2, 1, 2, 2 என மாறிவிடும். காந்தாரமும் தைவதமும் நிஷாதமும் ஒவ்வொரு வீடு தாழ்ந்து, களிப்பு மறைந்து, ஒருவகை ஏக்கம் செவியிற் படும். இதுவே இயல்பான மைனர், நம் நடபைரவி. கட்டைகள் அவையே; மாறியது நாம் நிற்கும் இடம் ஒன்றே.

சிலப்பதிகார அரங்கேற்று காதையின் உரை, பன்னிரண்டு இராசி வீடுகளை வட்டமாக வைத்து, அவற்றில் ஏழு இசைகளை நிறுத்தி, குரலாக நிற்கும் இசையை மாற்ற மாற்ற ஏழு பாலைகள் பிறக்கும் எனக் கூறுகிறது. இம்முறையைத்தான் பண்டிதர் உறுதியாகப் பற்றினார். மேஜரும் மைனரும் தனித்தனிப் பொருள்கள் அல்ல, ஒரே வட்டத்தின் இரு தொடக்கங்கள் என்பது இம்முறையால் விளங்கும்.

ஆயின் மைனரின் மற்றை இரண்டு உருவங்கள் எங்கிருந்து வந்தன? பல குரல்கள் சேர்ந்து ஒலிக்கும் மேனாட்டுப் பாட்டில், முடிவுக்கு வரும் நிஷாதம் மேல் ஷட்ஜமத்திற்கு ஒரு வீடு மட்டும் கீழே நின்றால்தான் முடிவு முடிவாக அமையும். நடபைரவியின் கைசிகி நிஷாதமோ இரண்டு வீடு கீழே நிற்கிறது. ஆதலின் அவர்கள் ஐந்தாம் கட்டையை விட்டு ஐந்தரைக் கட்டையைத் தொட்டனர், நிஷாதம் காகலியாயிற்று. நமக்கு இது கீரவாணி. ஆனால் ஒரு நோயைத் தீர்க்க மற்றொரு நோய் வந்தது. தைவதத்திற்கும் நிஷாதத்திற்கும் இடையே மூன்று வீடு விரிந்துவிட, தொகுதியாகப் பாடுவோர்க்கு அத்தாவல் கடினமாயிற்று. அதற்காக ஏறும்போது தைவதத்தையும் உயர்த்தி, நாலரைக் கட்டையைத் தொட்டனர், அஃது கௌரிமனோகரி. இறங்கும்போது முடிவை நோக்கி ஏறும் தேவையில்லாமையால் பழைய நடபைரவிக்கே திரும்பினர். பாடப் புத்தகத்தில் மூன்று மைனர் என அச்சிட்டிருப்பதைக் கண்டு மாணவர் கலங்க வேண்டா. அடித்தளம் ஒன்று, மேற்பாதியில் இருமுறை பழுது பார்த்தனர், அவ்வளவே.

பதினேழாம் நூற்றாண்டிலே தஞ்சை நாயக்கர் அவையில் வேங்கடமகி வகுத்த 72 மேளத் திட்டத்தை நினைத்தால் இவ்வமைப்பின் அழகு இன்னும் விளங்கும். 20 நடபைரவி, 21 கீரவாணி, 22 கரகரப்பிரியா, 23 கௌரிமனோகரி என இந்நான்கும் அடுத்தடுத்த வீட்டுக்காரர். ஷட்ஜமம், சதுசுருதி ரிஷபம், சாதாரண காந்தாரம், சுத்த மத்திமம், பஞ்சமம் என முன்பாதி நான்கிற்கும் பொது. தைவத நிஷாதங்களே வேறு. சாதாரண காந்தாரம்தான் மைனரின் உயிர். அதனை அந்தர காந்தாரமாக்கினால் மைனர் என்னும் பெயருக்கே இடமில்லை. தஞ்சை அரண்மனையில் சரபோஜி மன்னர் காலத்திலேயே மேனாட்டு வாத்தியங்கள் ஒலித்தன. மேனாட்டு மெட்டுகளைக் கேட்டு முத்துசாமி தீட்சிதர் செய்த நோட்டு சுர சாகித்தியங்களோ சங்கராபரணத்திலேயே நின்றுவிட்டன. மைனர் அன்று நம்மவர் செவியிற் படவில்லை போலும். அல்லது, அதனை நாம் முன்னமே உடையோம் என்று விட்டனர் போலும்.

நிற்க. குரலை மாற்றிப் பாலை பிறப்பிக்கும் இச்செயல் ஏட்டில் எளிது, கணக்கில் கடிது. ஷட்ஜமத்திலிருந்து பஞ்சமம், அப்பஞ்சமத்திற்குப் பஞ்சமம் எனப் பன்னிரு முறை சென்றால் மீண்டும் ஷட்ஜமத்தில் வந்து சேர வேண்டும். பஞ்சமத்தின் அளவை 3/2 எனக் கொண்டு பன்னிரு முறை பெருக்கினால் ஏறத்தாழ 129.75 வரும், ஏழு ஸ்தாயி கடந்த ஷட்ஜமமோ 128. வட்டம் மூடவில்லை. அன்றியும், ரிஷபம் 9/8, தைவதம் 5/3 என்னும் தூய அளவுகளை வைத்துக்கொண்டு நாம் முன்னே செய்தபடி தைவதத்தை ஆதாரமாக்கினால், புதிய மத்திமம் 4/3 ஆக நில்லாது 27/20 ஆகிவிடும். இவ்வேறுபாட்டை நல்ல செவி உடனே பிடித்துவிடும். பண்டிதர் கண்ட தீர்வு இது: பன்னிரண்டு வீடுகளும் ஒத்த அளவினவாக வேண்டும், ஒவ்வொன்றும் தனக்கு முன்னதைப்போல் ஏறத்தாழ 1.05946 மடங்கு. அப்போது எந்தச் சுரத்தைக் குரலாக்கினும் பாலை சிதையாது. ஒவ்வொரு வீட்டையும் மேலும் இரண்டாக்கினால் சுருதி 24. வட்டப்பாலையிலே கைக்கிளையிலும் விளரியிலும் ஒவ்வோர் அலகு குறைத்துப் பாடிய வழக்கைப் பிற்காலத்தார் பிறழ உணர்ந்து 22 என்றனர் என்பது அவர் கொள்கை.

இக்கொள்கையை ஊரறியச் சோதிக்க வேண்டும் என விரும்பினார். 1912-இல் தஞ்சையில் சங்கீத வித்தியா மகாஜன சங்கத்தை நிறுவி, அடுத்தடுத்து மாநாடுகள் கூட்டினார். வித்துவான்களுக்கு வழிச்செலவும் உணவும் உறையுளும் அவருடையவை. தமக்கு மாறான கருத்துடையோரையும் அழைத்தார். 1916-இல் பரோடா மகாராஜாவின் ஆதரவில் அகில இந்திய சங்கீத மாநாடு கூடியபோது, தம் பெண்மக்களை உடனழைத்துச் சென்று, அவர்கள் வீணையைக் கொண்டே தம் கணக்கை விளக்கினார். பெண்கள் சபையேறுவதைச் சமூகம் ஐயத்தோடு நோக்கிய காலம் அது என்பதை நினைவிற் கொள்க. 22 சுருதியை மேனாட்டு விகிதங்களால் நிலைநாட்ட முயன்ற தேவலும் கிளமென்ட்சும் அந்நாளில் வடக்கே பேர்பெற்றிருந்தனர். அவர்கள் கட்சியினரோடு பண்டிதர் நேர்நின்று வாதித்தார். வாதம் அங்கு முடிந்துவிடவில்லை; அவர் சொற்படி 24-ஐ எல்லாரும் ஏற்றுக்கொள்ளவுமில்லை.

ஈண்டு எம் கருத்தையும் மறையாது கூறுவோம். பண்டைத் தமிழர் ஸ்தாயியைச் சரிசமமாகவே பகுத்தனர் என்பதற்குச் சிலப்பதிகாரத்தில் கணக்கு இல்லை. வட்டத்தில் வீடுகள் உண்டு, வீடுகளின் அளவு இல்லை. அவ்விடைவெளியைப் பண்டிதர் தம் அறிவால் நிரப்பினார். செவியின் தீர்ப்பும் முழுவதும் அவர் பக்கம் அன்று. மைனரின் உயிரான அச்சாதாரண காந்தாரம் அவர் முறையில் 1.189, நீண்டு நின்று ஒலிக்கும்போது இனிமையாய் இசைவது 6/5, அஃதாவது 1.2. நம் இராகங்களிலோ அக்காந்தாரம் ஓரிடத்தில் நில்லாமல் கமகத்தோடு அசைந்துகொண்டே இருக்கிறது. இவற்றையெல்லாம் ஒப்புக்கொண்டும், ஆதாரத்தை மாற்றிப் புதிய பாலை காண்போர்க்கு ஒத்த வீடுகள் இன்றியமையாதவை என்பதை இந்நாட்டில் அவரைப்போல் இத்துணை விரிவாக விளக்க முயன்றவர் அரியர் என்போம். வீணையின் ஒவ்வொரு ஸ்தாயிக்கும் பன்னிரண்டாக இரண்டு ஸ்தாயிக்கு 24 மெட்டுகளை மெழுகில் நிறுத்தும் தச்சன், அக்கணக்கை அறியாமலே ஏறக்குறைய அவ்வழியே செல்கிறான்.

தம் ஆராய்ச்சி முழுவதையும் திரட்டி, 1917-இல் கருணாமிர்த சாகரம் என்னும் பெருநூலாக வெளியிட்டார். பிறர் அச்சுக்கூடங்கள் இத்தனை சுரக்குறிகளையும் பட்டியல்களையும் அச்சிட இயலாமையால், லாலி துரையின் பெயரால் மின்விசையில் இயங்கும் அச்சகம் ஒன்றைத் தஞ்சையில் தாமே நிறுவிக்கொண்டார். ஆயிரத்திற்கு மேற்பட்ட பக்கங்கள். மருந்தும் கரும்பும் ஈட்டிய பொருளிற் பெரும்பங்கு இதில் கரைந்தது. நூல் வந்து இரண்டு ஆண்டு கழித்து, 1919 ஆகஸ்டு 31-ஆம் நாள் பண்டிதர் காலமானார். இராகங்களைப் பற்றிய இரண்டாம் புத்தகத்தை அச்சில் காண அவருக்கு நாள் கிடைக்கவில்லை. அது 1946-இல், அவர் மறைந்து இருபத்தேழு ஆண்டுக்குப் பின், அவர் மகளாரின் முயற்சியால் வெளிவந்தது. மறு ஆண்டிலேயே விபுலானந்த அடிகளின் யாழ்நூல் திருக்கொள்ளம்பூதூரில் அரங்கேறியது. அடிகள் அதே அரங்கேற்று காதையிலிருந்தே தொடங்கினார், முடிவில் பண்டிதரோடு பலவிடத்து மாறுபட்டார். எந்தப் பாலை எந்த இராகம் என்பதில் அறிஞர் இன்றும் ஒருமனப்படவில்லை. தஞ்சையில் ஆபிரகாம் பண்டிதர் சாலை என ஒரு தெரு அவர் பெயரால் வழங்குகிறது.