தூய்மையின் உருவம் கக்கன்

செல்வமும் செல்வாக்கும் வந்தடையும்போது சிந்தை மாறாதிருத்தல் அரிது. பதவியில் இருந்தபோதும் அதனை இழந்தபோதும் ஒரே தன்மையராய் வாழ்ந்தோர் மிகச் சிலரே. அச்சிலருள் ஒருவர் திரு. கக்கன் ஆவார்.

மதுரை மாவட்டத்தில் மேலூரை அடுத்துள்ளது தும்பைப்பட்டி என்னும் சிற்றூர். அங்கு 1908ஆம் ஆண்டு சூன் திங்கள் 18ஆம் நாள் கக்கன் பிறந்தார். அவர் தந்தையார் ஊர்க் கோயிலின் பூசாரி. குடும்பமோ வறுமையுற்றது; சமூகமோ தீண்டாமை என்னும் கொடுமையால் ஒதுக்கப்பட்டது. ஆயினும் இளைஞர் கக்கன் மனந்தளர்ந்தாரல்லர். காந்தியடிகளின் நெறியிற் பற்றுக்கொண்டு, தம் மக்கள் எழுத்தறிவு பெறுதற்பொருட்டு இரவுப் பள்ளிகளின் வாயிலாகத் தொண்டாற்றினார். மதுரை வைத்தியநாத ஐயர் அவரது ஆர்வத்தைக் கண்டு அன்பு பாராட்டினார். கக்கனும் அப்பெரியாரைத் தந்தையாகவே போற்றினார்.

1939ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 8ஆம் நாள் மறக்கற்பாலதன்று. அன்று வைத்தியநாத ஐயர், கக்கன் முதலானோரை உடன் அழைத்துக்கொண்டு மதுரை மீனாட்சியம்மன் திருக்கோயிலினுள் புகுந்தார். நெடுங்காலம் அடைத்திருந்த வாயில் அன்று திறந்தது. எதிர்ப்புக்கள் எழுந்தன, எனினும் அவ்வாண்டிலேயே அரசினர் ஆலய நுழைவுக்குச் சட்டப் பாதுகாப்பு அளித்தனர்.

1942ஆம் ஆண்டுப் போராட்டத்தில் கக்கன் சிறைத்துன்பம் ஏற்றார். பின்னர் இந்திய அரசியல் நிருணய சபையில் இடம்பெற்றார்; 1952 முதல் 1957 வரை மதுரைத் தொகுதியின் சார்பில் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தார். 1957இல் மேலூரிலிருந்து சட்டமன்றத்திற்குத் தேர்ந்தெடுக்கப்பெற்று, காமராசர் அமைச்சரவையில் பொதுப்பணித் துறையை ஏற்றார். அவர் காலத்தில்தான், 1959ஆம் ஆண்டு, வைகை அணை திறக்கப்பெற்றது. வறண்ட நிலங்கள் நீர் கண்டன. பிறகு வேளாண்மைத் துறையையும், 1963 முதல் உள்துறையையும் அவர் ஆண்டார்.

1965ஆம் ஆண்டு மொழிப் போராட்டம் மூண்டபோது உள்துறை அவர் பொறுப்பில் இருந்தது. காவலர் துப்பாக்கிச்சூட்டினால் உயிர்கள் மாய்ந்தன. அதனால் அவர் சார்ந்த அரசு மக்களின் சினத்திற்கு ஆளாயிற்று. 1967ஆம் ஆண்டுத் தேர்தலில் அவர் கட்சியும் தோற்றது, அவரும் தோற்றார். அவருடைய ஆட்சியைக் குறைகூறினோரும் அவருடைய கையைக் குறைகூறவில்லை.

பத்தாண்டுகள் அமைச்சராக இருந்தும் அவர் தமக்கெனப் பொருள் சேர்த்தாரில்லை. வாடகை வீட்டில் வாழ்ந்தார். பொதுமக்களோடு பேருந்தில் நின்று பயணம் செய்தார். முதுமையில் நோயுற்றபோது மதுரை அரசு மருத்துவமனையில் ஏழை எளியவர் தங்கும் பொதுப் பகுதியிலேயே படுத்திருந்தார். மதுரை முத்துவின் உடல்நலம் காண அங்கு வந்த முதலமைச்சர் எம். ஜி. இராமச்சந்திரன், கக்கனும் அங்கிருத்தலை அறிந்து, அவர் நிலைகண்டு மனமுருகினார். இலவச மருத்துவத்திற்கும் உதவித்தொகைக்கும் ஆவன செய்தார். கேட்டுப் பெற்றதன்று அவ்வுதவி, தானே வந்தடைந்தது.

1981ஆம் ஆண்டு திசம்பர்த் திங்கள் 23ஆம் நாள் கக்கன் மறைந்தார். அவர் விட்டுச்சென்ற செல்வம் நற்பெயர் ஒன்றே. மாணவர்களே! நாளை நாட்டின் பொறுப்பு நும் கைகளில் வரும். அக்கைகள் தூயனவாக இருத்தல் வேண்டும் என்பதே அவர் வாழ்வு நமக்குப் புகட்டும் பாடமாகும்.