செஸ் ஜாம்பவானை வீழ்த்திய மிர் சுல்தான் கான்... இறந்து 58 ஆண்டுகள் கழித்து கிராண்ட்மாஸ்டர் ஆனது எப்படி?

இந்தியாவின் முதல் செஸ் கிராண்ட்மாஸ்டர் யார்? எந்த க்விஸ்ல கேட்டாலும் டக்குனு வர்ற பதில், விஸ்வநாதன் ஆனந்த். 1988-ல் அவர் அந்தப் பட்டத்தைப் பெற்றார். பதில் நூத்துக்கு நூறு சரி.

ஆனா, அதற்கு அரை நூற்றாண்டுக்கு முன்பே உலகின் டாப் வீரர்களைத் தோற்கடித்த ஒரு இந்தியர் இருந்தார். பிரிட்டிஷ் சாம்பியன்ஷிப்பை 3 முறை வென்றார். ஒரு முன்னாள் உலக சாம்பியனையே மண்ணைக் கவ்வ வைத்தார். ஆனாலும் உயிரோடு இருந்தவரை அவருக்கு கிராண்ட்மாஸ்டர் பட்டம் கிடைக்கவே இல்லை. அவர்தான் மிர் சுல்தான் கான்.

யார் இந்த சுல்தான் கான்?

20-ம் நூற்றாண்டின் தொடக்கத்தில், பிரிக்கப்படாத பஞ்சாபின் மிட்டா திவானா என்ற ஊரில் பிறந்தவர். இன்று அந்த ஊர் பாகிஸ்தானில் இருக்கிறது. சின்ன வயதிலேயே அப்பாவிடம் சதுரங்கம் கற்றுக்கொண்டார். 20 வயதைத் தாண்டும்போது, பஞ்சாபில் அவரை ஜெயிக்க ஆள் இல்லை என்ற அளவுக்கு வளர்ந்துவிட்டார்.

அந்தப் பகுதியின் பெரும் நிலப்பிரபுவான சர் உமர் ஹயாத் கானின் கண்ணில் பட்டதுதான் திருப்புமுனை. சுல்தான் கானை அவர் தன்னோடு சேர்த்துக்கொண்டார். ஆனா ஒரு சிக்கல். சுல்தான் கானுக்குத் தெரிந்த செஸ் வேறு, உலகப் போட்டிகளில் ஆடப்பட்ட செஸ் வேறு.

இந்திய செஸ், ஐரோப்பிய செஸ்: என்ன வித்தியாசம்?

அன்றைய இந்திய முறையில் விதிகள் ஊருக்கு ஊர் கொஞ்சம் மாறும். பொதுவான வித்தியாசங்கள் இவை:

* சிப்பாய் முதல் நகர்விலும் ஒரு கட்டம்தான் போகும். இன்றைய செஸ்ஸில் இருப்பதுபோல 2 கட்டம் பாய முடியாது.

* ராஜாவும் யானையும் ஒரே நகர்வில் இடம் மாறும் காஸ்லிங் கிடையாது. அதற்குப் பதிலாக, ஆட்டத்தில் ஒரே ஒரு முறை ராஜா குதிரை மாதிரி தாவலாம். அதுவும் அதற்கு முன் செக் வாங்கியிருக்கக் கூடாது.

* சிப்பாய் கடைசிக் கட்டத்தைத் தொட்டால், நினைத்தபடி ராணியாக மாற்ற முடியாது. எந்தக் காய்க்குரிய வரிசையில் போய்ச் சேர்ந்ததோ, அந்தக் காயாகத்தான் மாறும். குதிரை வரிசையில் போனால் குதிரைதான்.

சின்ன மாற்றங்கள் மாதிரி தெரியும். ஆனா மொத்த ஆட்டமே மாறிவிடும். சிப்பாய் மெதுவாக நகர்ந்தால் மோதலும் மெதுவாகத்தான் தொடங்கும். அவசரமே இல்லாமல் காய்களை அடுக்கிவிட்டு, அப்புறம்தான் சண்டை. ஐரோப்பிய வீரர்களோ முதல் 10, 15 நகர்வுகளைப் பல ஆண்டுகள் படித்து மனப்பாடமாக வைத்திருந்தவர்கள். இதைத்தான் ஓபனிங் என்கிறோம். சுல்தான் கான் அந்தப் பாடத்தை 20 வயதுக்கு மேல் தொடங்கினார்.

லண்டனில் நடந்த அதிசயம்

1928-ல் அகில இந்திய சாம்பியன்ஷிப்பை சுல்தான் கான் வென்றார். 1929-ல் உமர் ஹயாத் கான் அவரை லண்டனுக்கு அழைத்துச் சென்றார். ஓபனிங்கில் அவர் தடுமாறுவதைப் பார்த்து, வில்லியம் வின்டர், ஃபிரெடெரிக் யேட்ஸ் என்ற 2 ஆங்கிலேய வீரர்கள் பயிற்சி கொடுத்தார்கள்.

அதே ஆண்டு பிரிட்டிஷ் சாம்பியன்ஷிப்பை அவரே வென்றார்! 1932, 1933-லும் கோப்பை அவருக்குத்தான். 1933-ல் பெண்கள் பிரிவில் வென்றவரும் அதே உமர் ஹயாத் கான் வீட்டிலிருந்து வந்த ஃபாத்திமா என்ற இந்தியப் பெண்.

குளிர் சுல்தான் கானுக்கு ஒத்துக்கொள்ளவே இல்லை. மலேரியா, சளி, தொண்டை வலி என்று மாறி மாறி வந்தது. கழுத்தில் துணியைச் சுற்றிக்கொண்டு வந்து ஆடிய நாட்கள் உண்டு.

கபாபிளாங்காவை வீழ்த்திய ஆட்டம்

கியூபாவின் கபாபிளாங்கா 1921 முதல் 1927 வரை உலக சாம்பியன். ஒரு காலத்தில் 8 ஆண்டுகள் ஒரு ஆட்டத்தில்கூடத் தோற்காதவர். 1930-31 ஹேஸ்டிங்ஸ் தொடரில் வெள்ளைக் காய்களுடன் அவரை எதிர்கொண்டார் சுல்தான் கான். அதிரடி எதுவும் இல்லை. கொஞ்சம் கொஞ்சமாக இடத்தை இறுக்கி, 65 நகர்வுகளில் ஆட்டத்தை முடித்தார். ஊரில் பழகிய அந்தப் பொறுமைதான் இங்கே கைகொடுத்தது.

1931-ல் டார்டகோவருடன் 12 ஆட்டங்கள் கொண்ட தொடரை வென்றார். அதே ஆண்டு பிராக் ஒலிம்பியாட்டில் இங்கிலாந்தின் முதல் போர்டில் ஆடி, ரூபின்ஸ்டீனையும் ஃப்ளோரையும் வீழ்த்தினார். அப்போதைய உலக சாம்பியன் அலெகைனுடன் டிரா செய்தார்.

அப்புறம் என்ன ஆனது?

1933 டிசம்பரில் உமர் ஹயாத் கான் ஊர் திரும்பினார். சுல்தான் கானும் திரும்பினார். 1935-ல் காடில்கர் என்ற வீரருடன் 10 ஆட்டங்கள் ஆடினார். 9 வெற்றி, 1 டிரா. அவ்வளவுதான். உலக அரங்கில் அவர் மீண்டும் ஆடவே இல்லை. ஊரில் விவசாயம் பார்த்தார். தன் பிள்ளைகளுக்கு செஸ் பயிற்சி கொடுக்கவில்லை, வாழ்க்கைக்குப் பயன்படும் வேலையைப் பார்க்கச் சொன்னார் என்று குடும்பத்தினர் நினைவுகூர்ந்திருக்கிறார்கள்.

1950-ல் சர்வதேச செஸ் கூட்டமைப்பான ஃபிடே, முதன்முறையாக 27 பேருக்கு கிராண்ட்மாஸ்டர் பட்டம் கொடுத்தது. அதில் டார்டகோவர் இருந்தார். ஃப்ளோர் இருந்தார். பல ஆண்டுகளாகப் போட்டிகளில் ஆடாத ரூபின்ஸ்டீன்கூட இருந்தார். மூவரையும் ஜெயித்த சுல்தான் கான் பெயர் மட்டும் இல்லை. 1966-ல் சர்கோதாவில் காசநோயால் அவர் இறந்தார்.

வேலைக்காரரா? குடும்பம் சொல்வது என்ன?

படிக்கத் தெரியாத வேலைக்காரர், செஸ் மேதை ஆனார். மேற்கத்திய செஸ் எழுத்துகளில் பல ஆண்டுகள் சொல்லப்பட்ட கதை இதுதான். ஆனா இதை அவருடைய பேத்தி பொதுவெளியில் மறுத்திருக்கிறார். தாத்தா நிலபுலன் உள்ள குடும்பத்தைச் சேர்ந்தவர், எழுதப் படிக்கத் தெரிந்தவர், யாருக்கும் வேலைக்காரராக இருந்ததில்லை என்பது குடும்பத்தின் வாதம்.

2024 பிப்ரவரியில் ஃபிடே அவருக்கு கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் அறிவித்தது. ஃபிடே தலைவர் பாகிஸ்தானுக்கே சென்று சான்றிதழை வழங்கினார். இதனால் பாகிஸ்தானின் முதல் கிராண்ட்மாஸ்டர் என்ற பெயரும் அவருக்குச் சேர்ந்தது. கபாபிளாங்காவை அவர் ஜெயித்தபோது பாகிஸ்தான் என்ற நாடே உருவாகவில்லை.