திரையுலகின் முன்னோடிப் பெண்மணி

சினிமா என்றதும் திரையில் தோன்றும் முகங்களே நம் நினைவுக்கு வருகின்றன. கதை எழுதிப் படத்தையும் இயக்கிய பெண்மணி ஒருவர் அந்நாளிலேயே தமிழகத்தில் வாழ்ந்தார். அவரே டி. பி. ராஜலட்சுமி.

1911-ஆம் ஆண்டு திருவையாற்றில் பிறந்த இவருக்குச் சிறு வயதிலேயே மணம் முடித்தனர். அவ்வாழ்வு நிலைக்கவில்லை. தந்தையையும் இழந்தபின், குடும்பத்தைக் காக்க நாடக மேடை ஏறினார். நடிக்கும் பெண்களை ஊரார் இழிவாகப் பேசிய காலம் அது. அவர் மனந்தளரவில்லை. 1931-இல் வெளிவந்த முதல் தமிழ்ப் பேசும் படமான 'காளிதாஸ்' படத்தில் கதாநாயகியானார். காந்தியடிகளின் இராட்டையைப் போற்றும் பாடலையும் அதில் பாடினார்.

பிறர் எழுதியதைப் பேசி நடிப்பதோடு அவர் நிற்கவில்லை. 'கமலவல்லி' என்னும் நாவலை எழுதினார். 1936-இல் அதனை 'மிஸ் கமலா' என்ற படமாகத் தாமே தயாரித்து, இயக்கி, நடித்தார். தமிழ்ப்பட உலகின் முதல் பெண் இயக்குநர் என்ற பெருமை இவரைச் சேர்ந்தது. பின்னர் நம் மதுரை மக்கள் நன்கறிந்த மதுரை வீரன் கதையையும் படமாக இயக்கினார். 1964-இல் மறைந்தார்.

தம் திருமணத்தில் ஒரு வார்த்தை சொல்ல இடமின்றி இருந்த சிறுமி, பின்னாளில் விருப்பமற்ற மணத்தின் துயரை நாடறியச் சொன்னார். நமக்கோ கல்வி கிடைத்திருக்கிறது. சொல்ல வேண்டிய நல்லதைச் சொல்ல நாம் தயங்கலாமா?