படம் தேடி உலகைச் சுற்றியவர்

போன மாதம் நம் குடியிருப்பிலிருந்து வேன் பிடித்து மன்னவனூர், கவுஞ்சி தாண்டிப் பூண்டி வரை போனோமே, அன்று எல்லார் கையிலும் செல்போன். அடுக்கு வயலில் வேலை செய்துகொண்டிருந்த பெண்களை, கொஞ்சம் இந்தப் பக்கம் பாருங்கம்மா என்று ஒருவர் கூப்பிட்டார். (நான்தான்.) அவர்கள் நிமிர்ந்து சிரித்தார்கள். வேலையும் நின்றது, படமும் கெட்டது. மலை இறங்கும்போது எனக்கு ஏ. கே. செட்டியார் நினைவு வந்தது.

1911இல் செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தவர். வட்டிக் கணக்கு எழுதியிருக்க வேண்டிய வீட்டுப் பிள்ளை, டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் போட்டோ பிடிக்கப் படித்தார். 1937 அக்டோபர் 2ஆம் தேதி, காந்தி பிறந்த நாள். நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது, காந்தியின் வாழ்க்கையைப் படமாக எடுக்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றியது. அப்போது வயது 25.

இதில் நடிகர் கிடையாது, செட் கிடையாது. காந்தி கேமராவுக்காக நின்று காட்டுகிறவரும் அல்லர். முப்பது ஆண்டுகளில் யார் யாரோ எடுத்து, எங்கெங்கோ கிடந்த பிலிம் சுருள்களைத் தேடிப் போனார் செட்டியார். சுமார் ஒரு லட்சம் மைல் பயணம். சேர்ந்தது 50,000 அடி பிலிம். அதில் வைத்துக்கொண்டது 12,000 அடிதான். பேரேடு எழுதிய கை எனக்கு. நாலில் மூன்று பங்குக்கு மேல் தள்ளுபடி செய்ய என்ன மனசு வேண்டும் என்றுதான் யோசிக்கிறேன். நடுவில் உலகப் போரும் மூண்டுவிட்டது.

1940 ஆகஸ்ட் 23ஆம் தேதி சென்னை ராக்ஸி தியேட்டரில் தமிழ் விளக்கவுரையோடு படம் வெளியானது. அடுத்துத் தெலுங்கில். சுதந்திரம் வந்த சமயத்தில் இந்தி விளக்கவுரையோடு டெல்லியில் காட்டினார். 1953இல் அமெரிக்காவில் ஆங்கிலப் பதிப்பு.

எழுத்திலும் அதே கண்தான். அவருடைய பயணக் கட்டுரைகளில் வர்ணனை தேடினால் கிடைக்காது. பக்கத்தில் உட்கார்ந்தவர் என்ன சாப்பிட்டார், கடைக்காரர் எப்படிப் பேசினார், இவ்வளவுதான். வாக்கியங்கள் ஐந்தாறு சொல்லில் முடிந்துவிடும். தன்னைப் பற்றி அநேகமாக ஒன்றும் சொல்ல மாட்டார். எனக்கு முதலில் சப்பென்றுதான் இருந்தது. இரண்டாம் முறை படித்தபோது விட முடியவில்லை.

1943இல் ‘குமரி மலர்’ பத்திரிகை தொடங்கினார். கூட்டம் சேர்க்கும் பத்திரிகை அல்ல. பிற்காலத்தில் மறந்துபோன பழைய கட்டுரைகளைத் தேடித் தேடி அதில் போட்டார். பழைய காலத்தார் நம் ஊர்களுக்குப் போய்வந்து எழுதியதையெல்லாம் திரட்டி, 1968இல் ‘தமிழ்நாடு’ என்று பெரிய தொகுப்பாகக் கொண்டுவந்தார். 1983இல் காலமானார்.

ஊரெல்லாம் அலைந்து அடுத்தவர் எடுத்த படத்தைக் காப்பாற்றியவரின் சொந்தப் படம் காப்பாற்றப்படவில்லை. அவர் போன பிறகு பல ஆண்டுகள் தேடி, ஆங்கிலப் பதிப்பின் பிரதி ஒன்றை அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் கண்டுபிடித்தார் வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி. ராக்ஸியில் ஓடிய தமிழ்ப் படம் நம் கைக்கு வரவில்லை.